மாறிக் கவர்வா, மாறிப் பற்றா?

அன்புடையீர்,

கணினி நிரலில், கட்டளைகளை மீண்டும் மீண்டும் இயக்கும் வளையத்துக்குள் இழைகளை, அதாவது ஒருங்கே ஓடும் தனிப் பணிகளைத் தொடங்கும்போது, அவை மாறியின் (பெறுமானத்தைத் தாங்கும் பெயரின்) அப்போதைய பெறுமானத்துக்குப் பதிலாகப் பின்னையதை எடுத்துக்கொள்ளும் குழப்பத்துக்கு ‘மாறிக் கவர்வு’ எனப் பெயரிடலாம் என்ற முன்மொழிவை வாசித்தேன். கேட்பதற்கு நல்ல சொல்தான். ஆயினும் நிகழ்வதற்கு நேர்மாறானதை அது உணர்த்துகிறது. கவர்தல் என்றால் எடுத்துக்கொண்டு போய்விடுதல். உயர்தர வகுப்பில் பைதன் நிரல்மொழி படிக்கும் மாணவர் அச்சொல்லைக் கேட்டால், லாம்டாவை (பின்னர் அழைக்கும்போது மட்டும் இயங்கும், பெயரற்ற சிறு நிரல்துண்டை) எழுதிய கணத்திலேயே மாறியின் பெறுமானம் அதற்குள் சேர்ந்துவிட்டதென எண்ணுவார். வழு பிறப்பதே அந்த எண்ணத்தில்தான்.

0 முதல் 9 வரை ஓடும் வளையத்தின் ஒவ்வொரு சுற்றிலும், ‘எண்’ என்ற மாறியை அச்சிடும் லாம்டாவை இலக்காகக் கொண்ட இழையொன்று உருவாக்கப்படுவதாகக் கொள்வோம். (பைதன் 3 தமிழ்ப் பெயர்களை ஏற்கும் என்பதால் இதை அப்படியே எழுதிப் பார்க்கலாம்.) வளையம் முடிந்த பின்னரே இழைகளைத் தொடங்கினால் பத்தும் 9 என்றே அச்சிடும். உடனுக்குடன் தொடங்கினாலோ விடை பெரும்பாலும் சரியாக வந்து நம்மை ஏமாற்றும். இழையைத் தொடங்கும் ‘ஸ்டார்ட்’ அழைப்பானது, இழை உயிர்பெற்றதை உறுதிசெய்துகொண்டு திரும்புகிறதே தவிர, லாம்டா மாறியை வாசித்துவிட்டதா என்று பார்ப்பதில்லை. ஆகவே இழை சற்றுத் தாமதித்தால் ஓர் எண் விடுபட்டு, அடுத்தது இருமுறை வரக்கூடும்.

லாம்டா வைத்திருப்பது பெறுமானத்தை அன்று, மாறியை. கோட்டைப் புகையிரத நிலையத்தில் மேடை இலக்கத்தை முன்பே குறித்துக்கொண்டவருக்கும், ஏறும் நேரத்தில் பலகையைப் பார்ப்பவருக்கும் உள்ள வேறுபாடு இது; லாம்டா இரண்டாமவரைப் போன்றது. விடாமல் பிடித்திருக்கும் இந்நிலைக்கு ‘மாறிப் பற்று’ பொருந்தும் என்பது என் துணிபு. கோ என்ற நிரல்மொழி 2024 இல் வந்த 1.22 ஆம் பதிப்பில் இவ்வழுவை நீக்கியபோது, பற்றும் முறையை மாற்றவில்லை. ஒவ்வொரு சுற்றுக்கும் புதிய மாறியைக் கொடுத்தது. ‘கவர்வு’ என்று சொல்லிக்கொண்டு இதை விளக்கவே முடியாது.

கணக்கியலில் பற்று, வரவு என்று இச்சொல் ஏற்கெனவே வழங்குகிறதே என்று சிலர் தடை சொல்லலாம். ‘மாறி’ முன்னே நிற்கும் வரை அந்த மயக்கம் எழாது.

மெய்யான சிக்கல் வேறு. வளையம் சார்பொன்றுக்குள் (பெயரிட்டு அழைக்கப்படும் நிரல்பகுதிக்குள்) இல்லாமல் நிரலின் மேல்மட்டத்திலேயே இருந்தால், ‘எண்’ நிரல் முழுவதற்கும் பொதுவான முழுதளாவிய மாறியாகிவிடும். லாம்டா அதைப் பற்றுவதே இல்லை, இயங்கும் நேரத்தில் பெயரைத் தேடி எடுக்கிறது. விளைவு மட்டும் ஒன்றே. எனவே வழுவுக்குப் ‘பற்று’ என்ற பெயரும் முழுமையாகப் பொருந்தாது. பெயர் பெறுமானத்தோடு பிந்தி இணைவதே சார்புக்குள் இருக்கும் வளையத்துக்கும் மேல்மட்ட வளையத்துக்கும் பொது என்பதால், கருத்துருவுக்கு ‘மாறிப் பற்று’ எனவும், வழுவுக்குப் ‘பிற்பிணைப்பு வழு’ எனவும் பிரித்து வழங்க முன்மொழிகிறேன்.

அப்படியானால் தீர்வுக்கு ‘முற்பிணைப்பு’ என்ற பெயர் தானே அமைந்துவிடும். லாம்டாவின் முன்னிருப்பு அளபுருவாக (எழுதும் கணத்திலேயே பெறுமானம் நிலைபெறும் உள்ளீடாக) ‘எண்’ணைக் கொடுப்பதும், இழையை உருவாக்கும்போது ‘ஆர்க்ஸ்’ என்ற உள்ளீட்டுப் பட்டியல் வழியாக அனுப்புவதும் (ஒற்றை உறுப்பாயின் இறுதிக் காற்புள்ளியை மறக்கலாகாது) அதன் இரு வடிவங்கள். இரண்டாவதையே நான் விரும்புவேன். வாசிப்பவருக்கு நோக்கம் உடனே விளங்கும்.

‘பெறுமானம்’ என்பதைத் தமிழகத்தார் ‘மதிப்பு’ என்பர்; நான் முன்வைக்கும் தொடர்களில் அச்சொல் வராததால் இரு கரையிலும் அவை செல்லும். மாற்றுக் கருத்துடையோர், மேல்மட்ட வளையத்துக்கும் பொருந்துமாறு தம் சொல்லைச் சோதித்து எழுதுமாறு வேண்டுகிறேன்.