மறு: மறு: "பாதமோகம்" போதுமா?

அன்பர்களே, வணக்கம். வியாழனுக்குள் மொழிபெயர்ப்பைக் கொடுத்தாக வேண்டும். ஒரு சொல்லில் மாட்டிக்கொண்டு நிற்கிறேன். தாய்லாந்துத் திருநங்கையரையும் அவர்கள் பாதத்தின் மேல் ஈர்ப்புக் கொண்டவர்களையும் பற்றிய கட்டுரை. ஃபுட் ஃபெட்டிஷிசத்துக்கு "பாதமோகம்" என்று போட்டிருக்கிறேன். ஆனால் அந்த ஊரில் உடம்பிலேயே தாழ்ந்தது கால். புத்தர் சிலைக்கு எதிரே காலைப் பின்னால் மடக்கித்தான் உட்காருவார்கள். அதை ஒருவன் கொண்டாடுகிறான் என்பதுதான் கட்டுரையின் சூடே. தமிழில் பாதம் என்றாலே கோயில் மணி அடிக்கிறதே?
– செ.

பாதம் வடசொல். அடி இருக்க அது எதற்கு? மாதர் அடிக்கு அனிச்சமும் நெருஞ்சிப்பழம் என்றார் வள்ளுவர் (1120). 'ஃபெட்டிஷ்' போர்த்துக்கீசிய 'ஃபெய்த்திசு'விலிருந்து வந்தது, மந்திரித்த பொருள். ஆகவே "அடிமருள்" என்க. குறைந்தது "அடிவேட்கை".
– ந.கு.

ஐயா, "அடிமருள்" என்றால் என் மாணவர்கள் அடி வாங்கி மயங்கி விழுந்தவன் என்பார்கள். "கால்" என்றும் விட முடியாது. நமக்குத் தொடை முதல் விரல் வரை கால்தான். தாய்லாந்து மொழியில் (தாய்மொழி என்று எழுதித் தொலைத்துவிடாதீர்கள்) கால் 'கா', பாதம் 'தாவ்'. அதையே 'தீன்' என்றால் கொச்சை. அரசருக்கு 'ப்ர பாத்', நம் பாதமேதான். தாய்லாந்தின் சராபுரியில் புத்தரின் பாதச்சுவட்டுக்கே கோயில் உண்டு. செ., அங்கேயும் மணி அடிக்கிறது. இழிவும் புனிதமும் ஒரே உறுப்பில். பாதம் இருக்கட்டும்.
– ம.

பாங்காக் அரசவைப் பிராமணர்களின் 'த்ரியம்பவாய்' விழா நம் திருவெம்பாவை என்பதை யாரும் சொல்லவில்லையே! அவ்விழாவில் பெரிய ஊஞ்சல் ஆடுவது 1935இல் நின்றுபோயிற்று. திருவெம்பாவையின் இருபதாம் பாட்டு முழுக்க அடி போற்றுவதுதான்.
– ந.கு.

அந்தப் பாட்டின் முதல் அடியிலேயே "பாதமலர்" வருகிறது ஐயா :-)
– ம.

மணிவாசகரை விடுங்கள். எனக்கு இடிப்பது வேற்றுமை உருபு. "திருநங்கையரின் பாதமோகம்" என்றால் மோகம் யாருடையது? பாதத்துக்கு உரியவர்களையே மோகம் கொண்டவர்களாக்கிவிடுகிறது. "திருநங்கையர் பாதத்தின் மேல் மோகம்" என்று விரித்தே எழுதுங்கள். அவர்களுக்கும் அந்த ஆசை இருக்கலாம், அது வேறு வாக்கியம். அப்புறம், மருள், பித்து எதுவும் வேண்டாம். உலக சுகாதார நிறுவனத்தின் 11ஆம் நோய்ப்பட்டியலே ஃபெட்டிஷிசத்தை எடுத்துவிட்டது. திருநங்கையரைக் குறிக்கும் 'கத்தோய்' என்ற தாய்லாந்துச் சொல்லையும் ஒரு முறையாவது அப்படியே வையுங்கள். திருநங்கை நாம் மரியாதைக்கு உண்டாக்கிய சொல். கத்தோய் கேலியாகவும் ஒலிக்கும், அவர்களே உரிமையோடு சொல்லிக்கொள்வதும் உண்டு.
– வா.

சரி. தலைப்பை விரித்துவிட்டேன், உள்ளே பாதமோகம். கத்தோய் முதல் பத்தியில் இருக்கிறது. நன்றி.
– செ.

அடிவேட்கை. பதிவுக்காகச் சொல்லி வைக்கிறேன்.
– ந.கு.