மறு: ரகூ என்னும் இறைச்சி சாஸுக்குத் தமிழில் என்ன பெயர்?

குழும நண்பர்களுக்கு வணக்கம்.

இத்தாலியர்கள் பாஸ்தாவோடு சாப்பிடும் ரகூவுக்குத் தமிழ்ப்பெயர் தேடும் இந்த இழையை முதல் மடலிலிருந்து படித்து வருகிறேன். உடனே பதில் எழுதத் தோன்றியது, ஆனால் அடுப்பங்கரைச் சொல்லை நாற்காலியில் உட்கார்ந்து முடிவுசெய்ய மனம் வரவில்லை. அதனால் ஞாயிற்றுக்கிழமை மறுபடி ஒருமுறை செய்தேன். நீங்கள் முன்வைத்த சொற்களை ஒரு தாளில் எழுதிச் சுவரில் ஒட்டிக்கொண்டு, அந்தந்தக் கட்டம் வரும்போது வாய்விட்டுச் சொல்லிப் பார்த்தேன். கூட நின்று நறுக்கிக் கொடுத்த அக்காவுக்கு இத்தாலியச் சமையல் பழக்கமில்லை, ஆகவே எந்தச் சொல் அவருக்கு உடனே புரிந்தது, எதற்கு நிமிர்ந்து பார்த்தார் என்பதையும் கவனித்தேன்.

> பீட்சாவை மொழிபெயர்த்தோமா? 'ரகு' என்றே எழுதிவிடலாமே.

பீட்சாவுக்கு அது பொருந்தும். இங்கே 'ரகு' என்று எழுதினால் ஆள் பெயர், முதல் எழுத்தை நீட்டினால் கிரகம். 'ரகூ' என்று கடைசியை நீட்டினால் உச்சரிப்பு சரியாகிறது, ஆனால் கேட்பவருக்கு அது எதையும் சொல்வதில்லை. பீட்சா பெரும்பாலும் நாம் வாங்கிச் சாப்பிடுவது, பெயர் மட்டும் தெரிந்தால் போதும். இதை வீட்டில் நாமே மூன்று மணி நேரம் நின்று செய்யப் போகிறோம், பெயரைக் கேட்டதும் சட்டியில் என்ன இருக்கும் என்று தோன்ற வேண்டாமா?

> 'இறைச்சிச் சாறு' எளிமையாக இருக்கிறது.

எளிமைதான், ஆனால் அந்த இடத்தில் ஏற்கெனவே வேறொன்று உட்கார்ந்திருக்கிறது. இத்தாலியில் சால்சா, சூகோ, ரகூ மூன்றும் தனித்தனி. சால்சா லத்தீனில் உப்பிட்டது என்ற பொருளிலிருந்து வந்தது. சூகோ என்றால் நேராகவே சாறு. ரகூ பிரெஞ்சிலிருந்து போனது, அங்கே அதன் வேர் மழுங்கிய சுவையைத் திரும்ப எழுப்புவது என்ற பொருள் தரும். சூகோவுக்குச் சாறு அச்சாகப் பொருந்தும்போது அதை எடுத்து ரகூவுக்குக் கொடுத்துவிட்டால் நாளை சூகோவுக்கு எங்கே போவோம்? தவிர, சாறு என்றதும் பாதிப் பேருக்கு ரசம்தான் நினைவுக்கு வரும்.

'குழம்பு' என்றவர்களுக்கும் இதையே கொஞ்சம் மாற்றிச் சொல்வேன். வினையாகப் பார்த்தால் அருமையான சொல், ஆனால் குழம்பை நாம் ஊற்றுகிறோம். வட இத்தாலியின் பொலோன்யா நகரத்து ரகூ ஊற்றும்படி இருந்தால் அது இன்னும் ஆகவில்லை என்று பொருள். கரண்டியால் எடுத்துத் தட்டில் வைத்தால் சுற்றிலும் தண்ணீர் பிரியக் கூடாது, பாஸ்தாவின் மேல் ஒட்டிக்கொண்டு கூடவே வர வேண்டும். அந்த ஊரில் இதை ஸ்பகெட்டியோடு பரிமாறாமல் தாலியாத்தெல்லே என்கிற முட்டை சேர்த்த பட்டை நாடாவோடு பரிமாறுவதற்குக் காரணமும் அதுதான், வழவழப்பான மெல்லிய இழையில் கொத்திய இறைச்சி நிற்காமல் தட்டின் அடியில் தங்கிவிடும், அகன்ற சொரசொரப்பான நாடாவில் தங்கும். (வெந்தபின் நாடாவின் அகலம் 8 மி.மீ. என்று 1972இல் பொலோன்யா வணிகச் சபையில் பதிவே செய்திருக்கிறார்கள். தம் உணவின் மேல் இப்படி அக்கறை வைத்திருப்பவர்களை எனக்குப் பிடித்திருக்கிறது.)

> 'தக்காளி' என்ற சொல் பெயரில் இருந்தே ஆக வேண்டும்.

வேண்டாம். 1891இல் ஆர்த்தூசி என்ற இத்தாலியர் தம் சமையல் நூலில் பதிப்பித்த பொலோன்யா முறையில் தக்காளியே இல்லை. கன்றிறைச்சி, பன்றிக்கொழுப்பிறைச்சி, வெண்ணெய், வெங்காயம், கேரட், செலரி, இறைச்சி வேகவைத்த நீர், இவைதான் முக்கியம். 1982 அக்டோபர் 17 அன்று இத்தாலியச் சமையல் கழகம் இதே வணிகச் சபையில் ஒரு செய்முறையைப் பதிந்தது, 2023 ஏப்ரலில் அதைத் திருத்திப் புதுப்பித்தது. புதியதில் 400 கிராம் மாட்டிறைச்சிக்கு 200 கிராம் தக்காளிக் கூழும் ஒரு கரண்டி கெட்டி விழுதும் மட்டும். நம் ஊர்க் காணொளிகளில் ஒரு கிலோ தக்காளியை அரைத்து ஊற்றுகிறார்கள், அது தக்காளி சாஸில் கொஞ்சம் கறி போட்டது, வேறு பண்டம். இலக்கணத்தில் உருபு தொக்கி நிற்கிறது என்போமே, ரகூவில் தக்காளி அப்படித்தான் இருக்க வேண்டும்.

இப்போது 'ஊன்துவை'. இந்தப் பரிந்துரையைப் பார்த்ததும் உண்மையிலேயே சிலிர்த்தது. பதிற்றுப்பத்தில் பரணர் செங்குட்டுவனைப் பாடும் 45ஆம் பாட்டில் 'சோறுவேறு என்னா ஊன்துவை அடிசில்' என்று வருகிறது, சோறு இது ஊன் இது என்று பிரித்துச் சொல்ல முடியாமல் குழைந்துபோன உணவு. புறநானூறு 14இல் கபிலரும் 'ஊன்துவை கறிசோறு' என்கிறார், அங்கே நான்கையும் தனித்தனி உணவாகவும் கொள்ளலாம். ரகூவில் எதிர்பார்க்கும் குழைவு இதேதான், வெங்காயம் எங்கே, கேரட் எங்கே என்று கண்ணுக்குத் தெரியாது. ஆனாலும் எனக்கு இரண்டு தடை. பரணர் சொல்வது அடிசில், ஊனும் சோறும் சேர்ந்த ஒரே உணவு. நாம் தேடுவது தனியே வெந்து பிறகு பாஸ்தாவோடு சேர்வது. அடுத்தது, இன்று துவை என்றால் துணியும் துவையலும். "ஊன்துவையைச் சின்னத் தீயில் வை" என்று சொல்லிப் பார்த்தேன், அக்கா எதை என்று கேட்டார். அம்மியில் அரைப்பதா என்று அடுத்த கேள்வி. விளக்கிய பிறகு அவருக்கும் சொல் பிடித்துவிட்டது, ஆனால் சட்டி காய்ந்துகொண்டிருக்கும்போது விளக்க நேரமிருக்காது.

என் பரிந்துரை கொத்துக்கறித் தொக்கு. சுருக்கமாகப் புழங்க கறித்தொக்கு.

தொக்கு எப்படிச் செய்கிறோம்? வதக்கி, சின்னத் தீயில் வைத்து, அடிபிடிக்காமல் கிளறி, நீரெல்லாம் சுண்டி, எண்ணெய் ஓரத்தில் பிரிந்து வரும்வரை பொறுத்திருக்கிறோம். ரகூவும் அதே வழியில்தான் போகிறது, கடைசியில் கொழுப்பு மேலே பிரிந்து மினுங்கும்போது இறக்குவது உட்பட. அரைத்த விழுது, துண்டு போட்ட கறி, ஊற்றும் குழம்பு இவற்றுக்கு நடுவிலுள்ள அந்தக் கெட்டிப் பதத்துக்கு நம்மிடம் வேறு சொல் இல்லை. அக்காவிடம் இந்தச் சொல்லைச் சொன்னதும் அவர் கேட்டது "எண்ணெய் பிரியணுமா?" என்றுதான். எனக்கு அதற்கு மேல் சான்று தேவைப்படவில்லை.

தொக்கு என்றதும் மிளகாயும் பூண்டும் போட்டுவிடுவார்கள் என்ற அச்சம் ஒருவர் மடலில் இருந்தது. நியாயமான அச்சம், பொலோன்யாப் பதிவில் பூண்டையே ஏற்பதில்லை. ஆனால் அதைத் தடுப்பது செய்முறையின் வேலை, பெயர் தலையில் அதையும் கட்ட முடியாது. 'பொலோன்யாக் கறித்தொக்கு' என்று ஊர்ப்பெயரை முன்னால் வைத்தால் செட்டிநாட்டுத் தொக்கு வேறு, இது வேறு என்று யாருக்கும் புரியும்.

தெற்கு இத்தாலியின் நேப்பிள்ஸ் நகரத்து ரகூவை இதே பெயருக்குள் அடைக்க வேண்டாம் என்றும் கேட்டுக்கொள்கிறேன். அங்கே இறைச்சியைக் கொத்துவதில்லை, பெரிய துண்டுகளாகத் தக்காளியில் பல மணி நேரம் வேகவைத்து, சாஸைப் பாஸ்தாவுக்கும் இறைச்சியை அடுத்த சுற்றுக்கும் வைத்துக்கொள்கிறார்கள். அதற்குக் குழம்பு என்ற சொல்லே பொருந்தும். அவர்களுக்கு ஒரே பெயர் என்பதால் நமக்கும் ஒன்றே இருக்க வேண்டியதில்லை.

துணைச் சொற்களைப் பற்றி வேகமாகச் சொல்லிவிடுகிறேன். ரகூவின் தொடக்கத்தில் நறுக்கிய காய்கறியை வதக்கும் கட்டமான சொஃப்ரித்தோவுக்குத் தாளிப்பு என்றது தவறு. தாளிப்பு சூடான எண்ணெயில் நொடியில் முடிவது, இது காய்கறி நிறம் மாறாமல் பத்து நிமிடம் மெதுவாக வதங்குவது. 'அடிவதக்கல்' என்று வைத்திருக்கிறேன், முழுத் திருப்தி இல்லை. இறைச்சி சிவக்கும்போது சட்டியின் அடியில் பழுப்பாக ஒட்டுமே, அதற்குக் 'காந்தல்' இருக்கிறது. அடிசோற்றுக்குச் சொல்வதுதான், கருகியதைக் குறிக்காதா என்று கேட்கலாம், பொன்னிறமாக நின்றதையும் காந்தல் என்றே என் வீட்டில் சொல்வார்கள். ஒயின் ஊற்றி அதைச் சுரண்டிக் கரைப்பதைக் 'காந்தல்கரைப்பு' எனலாம். பாஸ்தா பல்லுக்குக் கொஞ்சம் எதிர்ப்புக் காட்டும் நிலைக்குக் 'கடிபதம்'. ஸ்பகெட்டி ஸ்பகெட்டியாகவே இருக்கட்டும்.

மெல்லிய கொதிக்கு நேப்பிள்ஸ்காரர்கள் 'பிப்பியாரே' என்று ஒரு வினை வைத்திருக்கிறார்கள், சட்டியில் குமிழி ஒவ்வொன்றாக வெடிக்கும் ஒலியிலிருந்தே பிறந்த சொல். நமக்கு ஒலிக்குறிப்பில் பஞ்சமே கிடையாது, ஆனால் தளதள என்றால் முழுக்கொதி ஆகிவிடுகிறது. களி கிண்டும்போது ஒரு குமிழி மெதுவாக எழும்பி 'பொதக்' என்று அடங்குமே, அதுதான் இது. 'குமிழ்கொதி' என்று எழுதியிருக்கிறேன்.

முதல் தடவை செய்தபோது அரைக் கிலோ கறியையும் சின்னச் சட்டியில் ஒரேயடியாகக் கொட்டிவிட்டேன். நீர் விட்டு, அந்த நீரிலேயே வெந்து சாம்பல் நிறமாகி, எத்தனை மணி நேரம் வைத்தும் பச்சை வாடை முழுதாகப் போகவில்லை. நான் பார்த்துச் செய்த தமிழ்ச் செய்முறையில் 'வதக்கவும்' என்று ஒரே சொல்தான் இருந்தது, காய்க்கும் அதுவே, கறிக்கும் அதுவே. காய் வதங்க வேண்டும், கறி சிவக்க வேண்டும். இரண்டு சொல் இருந்திருந்தால் அன்று நான் தீயைக் கூட்டியிருப்பேன், கறியையும் இரண்டு மூன்று தடவையாகப் போட்டிருப்பேன். இந்த இழை வீண் என்று ஒருவர் எழுதியிருந்தார், அவருக்கு என் பதில் இது.

சொற்களைச் சோதிக்க, செய்முறையை முழுதாக எழுதிப் பார்த்தேன்:

உப்பிட்ட பன்றி வயிற்றிறைச்சி 150 கிராமைப் பொடியாக நறுக்கிக் கொஞ்சம் எண்ணெயில் கொழுப்பு உருகவிடவும். வெங்காயம், கேரட், செலரி மூன்றும் 60 கிராம் வீதம் பொடியாக நறுக்கிச் சேர்த்து அடிவதக்கல் செய்யவும், நிறம் மாறக் கூடாது. தீயைக் கூட்டி 400 கிராம் கொத்துக்கறியைப் பகுதி பகுதியாகப் போட்டு, நீர் வற்றிச் சடசடக்கும் ஓசை வரும்வரை சிவக்கவிடவும். அரைக் குவளை ஒயின் ஊற்றிக் காந்தல்கரைப்புச் செய்து, வாடை போகும்வரை சுண்டவிடவும். தக்காளிக் கூழும் விழுதும் சேர்த்து, சூடான இறைச்சி நீர் ஊற்றி, மூடியைச் சற்றே திறந்து வைத்துக் குறைந்தது 2 மணி நேரம் குமிழ்கொதியில் வைக்கவும், 3 ஆனாலும் நல்லது. பாதியில் அரைக் குவளைப் பால் சேர்க்கலாம், புளிப்பை அது அடக்கும். தொக்குப் பதம் வந்து கொழுப்புப் பிரிந்ததும் உப்பு, மிளகு பார்த்து இறக்கவும். கடிபதத்தில் வடித்த பாஸ்தாவை அதே சட்டியில் போட்டுப் பிரட்டவும்.

மாடு, பன்றி சாப்பிடாதவர்கள் ஆட்டுக் கொத்துக்கறியில் செய்யலாம், பெயர் அப்போதும் மாறாது.

அடிவதக்கல் மட்டும் எனக்கு இன்னும் உறுத்துகிறது, அக்காவும் அதை 'அடிபிடிக்க வதக்குவது' என்றுதான் முதலில் எடுத்துக்கொண்டார். மெதுவாக, நிறம் மாறாமல், மணம் மட்டும் எழும்ப வதக்குவதற்கு உங்கள் வீட்டில் தனிச்சொல் இருந்தால் எழுதுங்கள். விக்சனரி இணைய அகராதியில் ஏற்றுவதற்கு முன் அதை முடித்துவிடலாம்.

அன்புடன்.