மின்கம்பம் நகரவில்லை, அபராதம் எனக்கு: வழக்குப் போடலாமா?

கேள்வி: சின்ன ஒப்பந்ததாரர்

6.2 கிலோமீட்டர் சாலையை அகலப்படுத்தும் அரசுப் பணி. கெடு 9 மாதம். இடத்தை ஒப்படைத்துவிட்டதாகக் கடிதம் தந்தார்கள். போய்ப் பார்த்தால், ஜல்லி கொட்ட வேண்டிய இடத்தில் வரிசையாக 41 மின்கம்பங்கள். கடைசிக் கம்பம் நகர 14 மாதம் ஆனது. அதுவரை ரோலர் புளியமரத்தடியில் கிடந்தது. அதன் ஓட்டுநர் இருக்கையில் ஒரு கோழி அடைகாத்துக் குஞ்சே பொரித்துவிட்டது. விளையாட்டில்லை, படம் இருக்கிறது. வண்டித் தவணையும் ஓட்டுநர் சம்பளமும் மட்டும் ஓய்வெடுக்கவில்லை.

கால நீட்டிப்பு கேட்டபோது, "கூடுதல் தொகை கோரமாட்டேன்" என்று எழுதி வாங்கிக்கொண்டார்கள். இறுதிப் பில்லில் தாமத அபராதமாக ரூ. 9.4 லட்சம் பிடித்தார்கள். வேலை முடிந்து 2 ஆண்டு 5 மாதம் ஆகிறது. ஏழு கடிதம் எழுதினேன். ஏழுக்கும் "பரிசீலனையில் உள்ளது" என்றே பதில். இன்னும் பொறுப்பதா, நீதிமன்றம் போவதா?

பதில் 1: பழைய ஒப்பந்ததாரர்

தம்பி, நானும் பாலப் பணி ஒன்றுக்காக ஆறு ஆண்டு அலைந்தேன். பிடித்த பணம் வட்டியோடு வந்தது. இயந்திரம் சும்மா நின்ற நஷ்டம், போன லாபம் என்று அடுக்கியதில் பாதிக்கு மேல் தள்ளுபடி. காகிதம் இருந்ததற்குக் காசு, வாயால் சொன்னதற்கு ஒன்றுமில்லை. அபராதத்தை மீட்பதை முதலில் வை, நஷ்டஈட்டைத் தனியாக நிறுத்து. இரண்டையும் ஒரே மூட்டையாகக் கட்டினால் வலுவானதும் பலவீனமாகத் தெரியும்.

பதில் 2: வழக்கறிஞர்

ஐயா, எட்டாவது கடிதம் வேண்டாம். இத்தகைய கோரிக்கைக்குக் காலவரம்பு 3 ஆண்டு. வேலை முடிந்த நாளிலிருந்தே எண்ணிக்கொள்வது பாதுகாப்பு. "பரிசீலனையில் உள்ளது" என்பது கடனை ஒப்புக்கொண்டதாகாது. கடிதம் எழுதிக்கொண்டே இருப்பதால் காலவரம்பு நீளாது என்று உச்ச நீதிமன்றம் 2019இல் ஜியோ மில்லர் வழக்கில் சொல்லியிருக்கிறது.

ஒப்பந்தத்தில் நடுவர் பிரிவு (தகராறை நீதிமன்றத்துக்குப் பதில் நடுவரிடம் தீர்க்கச் சொல்லும் விதி) இருக்கிறதா என்று இன்றே பாருங்கள். இருந்தால் நடுவர் கோரும் நோட்டீஸ் 3 ஆண்டுக்குள் அவர்கள் கையில் சேர வேண்டும். இல்லையென்றால் உரிமையியல் நடைமுறைச் சட்டம் 80ஆம் பிரிவின்படி அரசுக்கு இரண்டு மாத நோட்டீஸ், பிறகு வழக்கு.

அபராதம் பற்றி: தாமதத்துக்கு அவர்களே காரணமென்றால் உங்களிடம் பிடிக்க முடியாது. ஒப்பந்தச் சட்டம் 74ஆம் பிரிவில், நஷ்டமே இல்லாத இடத்தில் இழப்பீடும் இல்லை என்று கைலாஷ்நாத் வழக்கில் (2015) தீர்ப்பு இருக்கிறது. உங்களுக்கு இடிப்பது அந்த உறுதிமொழிதான். தாமதத்தை ஏற்றுக்கொள்ளும்போதே இழப்பீடு கேட்பேன் என்று அறிவிக்காவிட்டால் 55ஆம் பிரிவு கதவை அடைத்துவிடும்; நீங்களோ கேட்கமாட்டேன் என்றே எழுதிக் கொடுத்திருக்கிறீர்கள். ஆனால் அது கூடுதல் தொகைக்குத்தான் தடை. அபராதத்தைத் திருப்பிக் கேட்பதற்கு அல்ல என்று வாதிட இடமுண்டு.

பதில் 3: ஓய்வுபெற்ற பொறியாளர்

மேசையின் அந்தப் பக்கம் உட்கார்ந்தவன் என்பதால் சொல்கிறேன். அபராதமில்லாமல் நீட்டிப்புக் கொடுத்தால் தணிக்கையில் கேள்வி வரும். பதில் எழுதுவதைவிடப் பிடித்துவிடுவது சுலபம். பகையெல்லாம் ஒன்றுமில்லை, சோம்பலும் பயமும்தான்.

தகவல் உரிமைச் சட்டத்தில் மூன்று கேளுங்கள்: தடைப் பதிவேடு (வேலை எதனால், எத்தனை நாள் நின்றது என்ற குறிப்பு), எம்-புக் (செய்த வேலையின் அளவுப் புத்தகம்) நகல், மின்கம்பம் நகர்த்த மின்வாரியத்துக்குப் பணம் கட்டிய தேதி. மூன்றாவதுதான் உயிர். உங்கள் கெடு முடிந்த பிறகு பணம் கட்டியிருந்தால் அவர்களால் என்ன பதில் சொல்ல முடியும்? கட்டணம் பத்து ரூபாய். பதில் தர 30 நாள். அதற்காக நோட்டீஸைத் தள்ளிப்போடாதீர்கள்.

கோழிப் படத்தில் தேதி இருக்கிறதா?

வழக்கறிஞர்: இருந்தால் அந்தக் கைபேசியை விற்றுவிடாதீர்கள், படத்தை அழிக்கவும் வேண்டாம். மின்னணுச் சான்றுக்குப் புதிய சாட்சியச் சட்டம் (பாரதிய சாட்சிய அதிநியம், 2023) 63ஆம் பிரிவின்படி சான்றிதழ் தர வேண்டும்.

சின்ன ஒப்பந்ததாரர்: இப்போதுதான் தேடி எடுத்தேன். தேதி இருக்கிறது, கெடு முடிவதற்கு 19 நாள் முன்பு. கோழிக்குப் பின்னால் கம்பம் தெரிகிறது. பெரிதாக்கினால் அதில் எழுதிய எண்ணும் படிக்க முடிகிறது.