2 அடித் தொட்டியில் 2 ஒரண்டா விடலாமா?

கேள்வி (திருப்பூர்): வணக்கமுங்க. 2×1×1 அடித் தொட்டி இருக்குதுங்க. 2 ஒரண்டா கோல்டுஃபிஷ் விடலாமுங்களா? போர் தண்ணிதானுங்க.

பதில் 1: வேண்டாமுங்க. விளிம்பு வரை நிரப்பினாலும் 56 லிட்டர்தான். முதல் மீனுக்கு 75, அடுத்ததுக்கு 40 லிட்டர்னு கணக்கு வையுங்க. 3×1×1½ அடித் தொட்டியில் மேலே 2 அங்குலம் விட்டால் 113 லிட்டர், ரெண்டுக்குச் சரியாப் போகும். இந்த மீன் கழிவு அதிகமுங்க. தண்ணி பத்தலைன்னா அம்மோனியா ஏறிச் செவுள் புண்ணாகும், மேலே வந்து வாயைத் திறந்துக்கிட்டே இருக்கும். பாவமுங்க.

பதில் 2: அந்த 3 அடித் தொட்டிக்குக் கண்ணாடி 8 மி.மீ. கேளுங்க. தண்ணியோட 140 கிலோ வரும், ஸ்டாண்டு உறுதியா இருக்கோணும். தொட்டிக்கு அடியில தெர்மகோல் சீட் போடுங்க.

பதில் 3: போர் தண்ணி கடினத் தண்ணியா இருந்தாலும் கோல்டுஃபிஷுக்கு ஒத்துக்குமுங்க. ஆனா அதுல ஆக்ஸிஜன் கம்மி; வாளியில பிடிச்சு ராத்திரி முழுக்க ஏர் பம்ப் ஓட்டிட்டு ஊத்துங்க. வாரம் ஒருக்கா மூணில் ஒரு பங்கு தண்ணியை மாத்துங்க.