கோடாக் டிஜிட்டலுக்கு மாறத் தயங்கியதா, மாறியும் வீழ்ந்ததா?

கெடிலக்கரை மாணவி கேட்டது:

அனைவருக்கும் வணக்கம். கடலூரில் முதுகலை வணிகவியல் படிக்கிறேன். படச்சுருள் விற்று வளர்ந்த ஒரு நிறுவனம் தன் தொழிலை டிஜிட்டல் பொருள்களுக்கு மாற்றிக்கொண்ட வரலாற்றைப் பற்றி வகுப்பில் கட்டுரை வாசிக்க வேண்டும். நான் அமெரிக்காவின் கோடாக்கை எடுத்துக்கொண்டிருக்கிறேன்.

எங்கள் பாடக் குறிப்புகளில் இந்த வரலாறு நான்கு வரிகளில் முடிந்துவிடுகிறது. 1975-இல் அந்நிறுவனத்தின் பொறியாளர் ஸ்டீவன் சாசன் டிஜிட்டல் கேமராவை உருவாக்கினார். படச்சுருள் விற்பனை கெட்டுவிடும் என்று அஞ்சிய மேலதிகாரிகள் அதை மூடி வைத்தார்கள். மற்ற நிறுவனங்கள் முந்திக்கொண்டன. 2012 ஜனவரியில் கோடாக் திவால் பாதுகாப்புக் கேட்டு நீதிமன்றத்துக்குப் போனது. இவ்வளவுதான்.

ஆனால் திருப்பாதிரிப்புலியூரில் நெடுங்காலமாக ஸ்டுடியோ நடத்தி வரும் பெரியவர் ஒருவரிடம் இதைச் சொன்னபோது, கோடாக் பெயர் பொறித்த டிஜிட்டல் கேமராக்கள் கடைகளில் தாராளமாகக் கிடைத்த காலம் ஒன்று இருந்ததே என்று அவர் கேட்டார். தேடிப் பார்த்தால் அவர் பக்கமே நியாயம் இருப்பதாகத் தோன்றுகிறது. 1991-இலேயே நிக்கான் கேமரா ஒன்றின் உடலில், சுருளுக்குப் பதிலாக ஒளியைப் பதியும் தன் மின்னணு உணரியைப் பொருத்தி, செய்தி நிறுவனங்களுக்கான டிஜிட்டல் கேமராவைக் கோடாக் விற்றிருக்கிறது. 2003 செப்டம்பரில், பங்குதாரர்களுக்கு ஆண்டுதோறும் கொடுத்து வந்த 1.80 டாலர் ஈவுத்தொகையை 50 சென்டாகக் குறைத்து, டிஜிட்டல் தொழிலில் 300 கோடி டாலர் வரை முதலிடப் போவதாக அறிவித்திருக்கிறது. 2005-இல் அமெரிக்காவின் டிஜிட்டல் கேமரா விற்பனையில் முதலிடத்திலும் இருந்திருக்கிறது. மாற மறுத்த நிறுவனம் இவற்றையெல்லாம் எப்படிச் செய்திருக்கும்? அப்படியானால் வீழ்ச்சிக்கு உண்மையான காரணம் எது? அதே தொழிலில் இருந்த ஜப்பானிய நிறுவனமான ஃபியூஜி மட்டும் எப்படி நிலைத்தது? அறிந்தவர்கள் விளக்கினால் பேருதவியாக இருக்கும்.

புதுவை கலர் லேப் எழுதியது:

உங்கள் ஐயம் மிகச் சரியானது அம்மா. புதுச்சேரியில் பல ஆண்டுகள் கலர் லேப் நடத்தியவன் என்ற முறையில், தொழிலின் கணக்கு எப்படி இருந்தது என்பதைச் சொல்கிறேன். அதைப் புரிந்துகொண்டால் அந்த நான்கு வரிக் கதை ஏன் போதாது என்பது விளங்கும்.

முதலில் 1975-இன் கருவியைப் பற்றி. அது மூன்றரைக் கிலோவுக்கு மேல் எடையுள்ள ஒரு பெட்டி. நூறுக்கு நூறு புள்ளிகள் கொண்ட கருப்பு வெள்ளைப் படம் ஒன்றை ஒலிநாடாவில் பதிய அதற்கு 23 நொடிகள் தேவைப்பட்டன. பதிந்ததைப் பார்க்கத் தொலைக்காட்சிப் பெட்டி வேண்டும். அன்று அதை யாராலும் கடையில் வைத்து விற்றிருக்க முடியாது. ஆகவே, விற்பனைக்குத் தயாராக இருந்த பொருளை ஒளித்து வைத்தார்கள் என்று எழுதுவது அந்தப் பொறியாளருக்கும் நியாயம் செய்யாது, அந்த நிறுவனத்துக்கும் நியாயம் செய்யாது.

இனி வருமானம். கோடாக் கேமராவை விற்றுப் பணக்கார நிறுவனம் ஆகவில்லை. தொண்ணூறுகளில் நம் ஊர்களில் பெரிதும் புழங்கிய கோடாக் கேபி 10 போன்ற எளிய கேமராக்களைக் கையில் கொடுத்துவிட்டால், வாங்கியவர் ஒவ்வொரு திருவிழாவுக்கும் ஒவ்வொரு காதுகுத்துக்கும் ரோல் வாங்கியே ஆக வேண்டும். ஒரு ரோலின் 36 படங்களும் நன்றாக வந்தாலும் வராவிட்டாலும் ரோலுக்கான பணம் நிறுவனத்துக்குப் போய்ச் சேர்ந்துவிடும். பிறகு ரோல் எங்களிடம் கழுவ வரும். கழுவும் மருந்து, பிரிண்ட் போடும் தாள், இயந்திரம் என எல்லாவற்றையும் நாங்கள் அதே நிறுவனத்திடமோ அதன் போட்டியாளரிடமோ வாங்குவோம். கண்ணை மூடிக்கொண்டு படம் எடுப்பவர்கூட ஒவ்வொரு முறை பொத்தானை அழுத்தும்போதும் ரோல், மருந்து, தாள் என்று மூன்று இடங்களில் நிறுவனத்துக்கு வருவாய் உண்டாக்கினார். இலாப விகிதமும் மிக உயர்ந்தது, ஏனெனில் நல்ல வண்ணச்சுருளைத் தயாரிக்கத் தெரிந்த நிறுவனங்கள் உலகிலேயே விரல்விட்டு எண்ணக்கூடியவை.

டிஜிட்டல் கேமராவில் இந்தத் தொடர் வருவாய் கிடையாது. ஒருமுறை விற்றால் விற்றதுதான். உணரி, சில்லு, திரை ஆகியவற்றில் பலவற்றைப் பிறரிடம் வாங்கிப் பொருத்த வேண்டும். சில மாதங்களுக்குள் அடுத்த மாடல் வந்து பழையதன் விலை சரிந்துவிடும். எதிரே நிற்பவை சோனி, கேனான் போன்ற நிறுவனங்கள். 2005-இல் கோடாக் விற்பனை எண்ணிக்கையில் முதலிடம் பெற்றது உண்மை, ஆனால் இழந்துகொண்டிருந்த படச்சுருள் இலாபத்தை ஈடுகட்டும் அளவுக்கு அந்த விற்பனையில் எதுவும் மிஞ்சவில்லை. மக்கள் டிஜிட்டலில் எடுத்தாலும் தாளில் அச்சிட்டுக்கொள்வார்கள் என்று நம்பித்தான் கேமராவோடு இணையும் சிறு அச்சுக் கருவிகளையும், இணையவழி பிரிண்ட் சேவையையும், 2007-இல் மை விலை குறைந்த அச்சு இயந்திரங்களையும் அடுத்தடுத்து இறக்கினார்கள். மக்களோ கைப்பேசித் திரையில் பார்த்துவிட்டு அதோடு நிறுத்திக்கொண்டார்கள். எங்கள் லேபிலும் அதைத்தான் கண்டோம்: ஒரு கல்யாணத்துக்கு எடுக்கும் படங்கள் பல மடங்காகப் பெருகின, பிரிண்டுக்கு வருபவையோ ஆல்பத்துக்குத் தேர்ந்தெடுத்தவை மட்டுமே.

ஆகையால் மாறத் தெரியாததால் கோடாக் வீழ்ந்தது என்று நான் சொல்ல மாட்டேன். மாறிப் போய்ச் சேர்ந்த இடத்தில் அந்த அளவுள்ள நிறுவனத்தைத் தாங்கும் இலாபம் இல்லை. 1988-இல் உலகெங்கும் ஏறத்தாழ 1,45,000 பேருக்குச் சம்பளம் கொடுத்த நிறுவனம் அது.

சிப்காட் வேதியியலர் எழுதியது:

மேலே ஐயா எழுதியுள்ள கணக்கை முழுவதும் ஏற்கிறேன், முடிவை மட்டும் ஓரளவு மாற்றிச் சொல்ல விரும்புகிறேன். கடலூர் சிப்காட் பகுதியில் வேதிப்பொருள் ஆலைப் பணியில் இருப்பவன் என்பதால் என் பார்வை உற்பத்தியின் பக்கமிருந்து வருகிறது.

படச்சுருள் நிறுவனம் என்பது அடிப்படையில் ஒரு வேதித் தொழிற்சாலை. செல்லுலோசு ட்ரைஅசிட்டேட் என்னும் தெளிந்த படலத்தின் மேல், வெள்ளி உப்புப் படிகங்கள் கலந்த ஜெலட்டினைப் பத்துக்கும் மேற்பட்ட அடுக்குகளாக, எல்லா அடுக்குகளும் சேர்ந்து ஏறத்தாழ 20 மைக்ரான் தடிமனே வரும்படி, முழு இருட்டில், பல கிலோமீட்டர் நீளத்துக்கு ஒரு புள்ளிகூடப் பிசகாமல் பூச வேண்டும். இந்தத் திறமைக்கு டிஜிட்டல் கேமராவில் ஒரு வேலையும் இல்லை. ஆனால் வேறு தொழில்களில் உண்டு. ஃபியூஜி பிழைத்ததன் மையம் இங்கேதான் இருக்கிறது என்பது என் உறுதியான கருத்து.

2000-ஆம் ஆண்டை ஒட்டி வண்ணச்சுருள் தேவை உச்சத்தைத் தொட்டுச் சரியத் தொடங்கியபோது, ஃபியூஜியின் விற்பனையில் பாதிக்கும் மேல் ஒளிப்படத் தொழிலிலிருந்து வந்துகொண்டிருந்தது. அந்த ஆண்டு தலைவரான ஷிகேதகா கொமோரி, தன்னிடமுள்ள தொழில்நுட்பங்கள் எவை, அவை எந்தச் சந்தையில் பயன்படும் என்று கணக்கெடுக்கச் செய்தார். 2004-இல் அறிவித்த ‘விஷன் 75’ திட்டம் அதிலிருந்து பிறந்தது. படச்சுருளின் அடித்தளமாக இருந்த அதே ட்ரைஅசிட்டேட் படலம், எல்சிடி திரைகளில் ஒளியலைகளை ஒரே திசையில் மட்டும் அதிரவிடும் துருவமாக்கித் தகடுகளைக் காக்கும் படலமாகத் தேவைப்பட்டது. தட்டைத் திரைத் தொலைக்காட்சிகள் பெருகப் போகின்றன என்று கணித்து, அதற்கென ஜப்பானின் கியூஷூ தீவில் புதிய ஆலைகளையே எழுப்பினார்கள். ஜெலட்டின் என்பது, தோலிலும் உள்ள கொலாஜன் என்ற புரதத்திலிருந்து வருவது. வண்ணம் மங்காமல் காக்கும் ஆக்சிஜனேற்றத் தடுப்பு ஆய்வும் அவர்களிடம் இருந்தது. இரண்டையும் இணைத்து 2007-இல் அஸ்டாலிஃப்ட் என்ற சருமப் பூச்சு வரிசையைக் கொண்டுவந்தார்கள். 2008-இல் டொயாமா என்ற மருந்து நிறுவனத்தை வாங்கினார்கள். 2006-இல் நிறுவனத்தை மறுசீரமைத்தபோது பெயரிலிருந்து ‘போட்டோ’ என்பதையே எடுத்துவிட்டார்கள்.

இனி, பாடக் குறிப்புகள் பெரும்பாலும் தொடாத பகுதிக்கு வருகிறேன். கோடாக்கிடமும் இந்த வழி இருந்தது. அதை அவர்களே முன்கூட்டி அடைத்துவிட்டார்கள். படச்சுருளுக்கு வேண்டிய வேதிப்பொருள்களுக்காக 1920-இல் டென்னசி மாநிலத்தின் கிங்ஸ்போர்ட்டில் ஜார்ஜ் ஈஸ்ட்மன் தொடங்கிய ஆலை, பிற்காலத்தில் ஈஸ்ட்மன் கெமிக்கல் என்ற பெரும் பிரிவாக வளர்ந்திருந்தது. 1988-இல் ஸ்டெர்லிங் என்ற மருந்து நிறுவனத்தை 510 கோடி டாலருக்குக் கோடாக் வாங்கியது. அதனால் ஏறிய கடன் சுமையும் பங்குச் சந்தையின் அழுத்தமும் சேர, 1994-இல் வேதிப் பிரிவைத் தனி நிறுவனமாகப் பிரித்துவிட்டது. ஸ்டெர்லிங்கின் பகுதிகளையும் அதே ஆண்டில் விற்றது. படங்களே நம் தொழில், மற்றவை வேண்டாம் என்பது அன்றைய முடிவு. பிரிந்து சென்ற ஈஸ்ட்மன் கெமிக்கல் இன்றும் நன்றாக நடக்கிறது. அடுத்து, 2007-இல் எக்ஸ்ரே முதலிய மருத்துவப் பிரிவையும் 235 கோடி டாலருக்கு விற்றார்கள். அதுதான் இப்போது கேர்ஸ்ட்ரீம் என்ற பெயரில் இருக்கிறது. டிஜிட்டல் கேமராவுக்கும் அச்சு இயந்திரத்துக்கும் பணம் திரட்ட, மாற்றத்தைத் தாங்கிக்கொண்டிருக்கக்கூடிய தூண்களையே விற்றது எனக்கு மிகுந்த வருத்தம் தரும் செயல். ஆகவே, அந்த நிறுவனத்தைத் தாங்கும் இலாபம் எங்குமே இல்லை என்று சொல்வதைக் காட்டிலும், அது இருக்கக்கூடிய இடங்களைக் கோடாக் ஒவ்வொன்றாகக் கைவிட்டது என்பதே பொருத்தம்.

இந்து நகர் வாரிசு எழுதியது:

என் தந்தையார் உதகமண்டலத்தில் ஹிந்துஸ்தான் போட்டோ ஃபிலிம்ஸ் ஆலையில் பணியாற்றியவர். இப்போது குடும்பத்துடன் புதுச்சேரியில் வசிக்கிறோம். 1960-இல் பொதுத்துறையில் நிறுவப்பட்டு, பிரெஞ்சு நிறுவனமான போஷே உதவியுடன் 1967-இல் உற்பத்தி தொடங்கி, ‘இந்து’ (Indu) என்ற பெயரில் கருப்பு வெள்ளைச் சுருள்களும் தாளும் எக்ஸ்ரே படலங்களும் விற்ற ஆலை அது. தமிழ்நாட்டிலேயே நடந்த இந்த வரலாற்றைக் கட்டுரையில் ஒரு பத்தியாவது சேர்த்துக்கொள்ளுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

ஒன்றைக் கவனியுங்கள். இந்த ஆலையைச் சாய்த்தது டிஜிட்டல் கேமரா அன்று. 1996-இலேயே அது நலிவுற்ற நிறுவனமாக அறிவிக்கப்பட்டுவிட்டது. அப்போது நம் நாட்டில் டிஜிட்டல் கேமராவைப் பார்த்தவர்களே மிகக் குறைவு. பாலியெஸ்டர் எக்ஸ்ரே படலத் திட்டத்துக்காக வாங்கிய கடனும், இறக்குமதி தாராளமானபின் வெளிநாட்டுச் சுருள்களோடு போட்டியிட முடியாத நிலையும் அதற்கு முன்பே அதை முடக்கியிருந்தன. வண்ணச்சுருளுக்கு முழுமையாக மாறாமலே இருந்ததால் டிஜிட்டல் மாற்றம் என்ற கேள்வியே அதன் முன் வரவில்லை. பூச்சுத் தொழிலின் நுட்பம் அறிந்த தொழிலாளர்கள் அங்கே நிறையப் பேர் இருந்தார்கள். அந்த அறிவை வேறு பொருளுக்குத் திருப்ப யாரும் முன்வரவில்லை என்பதை என் தந்தையார் கடைசி வரை சொல்லிக்கொண்டிருந்தார்.

கெடிலக்கரை மாணவி கேட்டது:

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. 1994-இன் பிரிவினை எங்கள் குறிப்புகளில் அறவே இல்லை. அதையே கட்டுரையின் நடுப்பகுதியாக வைக்க எண்ணுகிறேன். இன்னும் ஓர் ஐயம். வேதியியலில் நின்றதால் ஃபியூஜி பிழைத்தது, அதைக் கைவிட்டதால் கோடாக் வீழ்ந்தது என்று நேராக எழுதினால் அது முறையாகுமா, அல்லது மிகை எளிமையாகிவிடுமா?

சிப்காட் வேதியியலர் எழுதியது:

அவ்வளவு நேராக எழுத வேண்டாம் அம்மா. ஃபியூஜியின் வழியும் வலியில்லாமல் நடந்ததன்று. 2006-இல் ஒளிப்படப் பிரிவில் 5,000 பேரைக் குறைப்பதாக அறிவித்தார்கள்; அப்பிரிவில் ஏறத்தாழ மூன்றில் ஒருவருக்கு வேலை போயிற்று. மேலும், 2001-இலேயே ஃபியூஜி ஜெராக்ஸில் தன் பங்கை 75 விழுக்காடாக உயர்த்தி நகலெடுப்பு இயந்திரத் தொழிலை அவர்கள் முழுமையாகக் கைக்குள் கொண்டுவந்திருந்தார்கள். சுருள் வருவாய் சரிந்த ஆண்டுகளில் அந்தத் தொழில் தந்த வருவாய் பெரிய ஊன்றுகோலாக இருந்தது. அது பூச்சு வேதியியல் தந்த வாய்ப்பன்று. 1962 முதல் வைத்திருந்த கூட்டு முயற்சியின் பயன். கையிலிருந்த பணமும் அவர்களுக்குத் துணை நின்றது. கோடாக்கோ, 2003-இல் ஈவுத்தொகையைக் குறைத்த அன்றே பங்கு விலைச் சரிவையும் பங்குதாரர்களின் எதிர்ப்பையும் சந்திக்க வேண்டியிருந்தது.

கோடாக் இன்று முற்றிலும் இல்லாமல் போய்விட்டது என்றும் எழுதிவிடாதீர்கள். ஏறத்தாழ 52.5 கோடி டாலருக்குக் காப்புரிமைகளை விற்று 2013-இல் திவால் நிலையிலிருந்து வெளியே வந்தார்கள். ரோசெஸ்டர் நகரில் திரைப்படத்துக்கும் ஒளிப்படத்துக்கும் இன்றும் சுருள் தயாரிக்கிறார்கள். அத்துடன் வேதிப்பொருள் உற்பத்தியிலும் இறங்கியிருக்கிறார்கள்.

புதுவை கலர் லேப் எழுதியது:

ஒன்றை மட்டும் சேர்க்கிறேன். கல்யாண ஆல்பத்துக்கு இன்றும் பல லேபுகளில் பிரிண்ட் போடப்படுவது வெள்ளி உப்புப் பூசிய தாளில்தான். டிஜிட்டல் கோப்பை லேசர் ஒளியால் தாளில் பதித்து, பழையபடி மருந்தில் கழுவி எடுக்கிறார்கள். ஃபியூஜி 1996-இலேயே ஃபிரான்டியர் என்ற இயந்திரத்தை இதற்கென விற்கத் தொடங்கியது. ஆகவே சுருள் ஒரு பக்கம், டிஜிட்டல் மறுபக்கம் என்று கட்டுரையில் கோடு போட்டுப் பிரிக்காதீர்கள். கட்டுரைக்கு எண்கள் வேண்டுமானால் கோடாக்கின் 2003 முதல் 2007 வரையிலான ஆண்டறிக்கைகள் இணையத்தில் கிடைக்கும். மொத்த விற்பனைத் தொகையைப் பார்த்தால் ஒன்றும் புரியாது. சுருள் பிரிவின் இலாபத்தையும் டிஜிட்டல் பிரிவின் இலாபத்தையும் தனித்தனியே எடுத்து, ஆண்டுவாரியாக அட்டவணை போட்டுக் காட்டுங்கள்.