மேயருக்குக் காஸ்டிங் வோட் இருந்தால் பரோ அவர் கையிலா?

வடலி:
நேற்று முழுக்க நம் ஆட்களின் வாட்ஸ்அப் குழுக்களில் ஒரு செய்தி சுற்றியது. "நம்மவர் ஒருவர் நம் பரோவுக்கு (லண்டனின் உள்ளூராட்சிப் பகுதிக்கு) மேயராகிவிட்டார். இனி பரோ நம் கையில். வீட்டை நீட்டிக் கட்ட அனுமதி, பார்க்கிங் பெர்மிட், கவுன்சில் வீடு, எதுவானாலும் அவரிடம் போங்கள்." இங்கே தாமிரபரணியும் அதையே கொண்டுவந்து ஒட்டியிருக்கிறார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. லண்டன் கவுன்சில் ஒன்றில் கமிட்டிக் கூட்டங்களுக்குக் குறிப்பெடுப்பதுதான் ஓய்வு பெறும்வரை என் வேலை. எத்தனை மேயர்களுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருப்பேன்!

மே மாத வருடாந்தரக் கூட்டத்தில் கவுன்சிலர்களே தங்களுக்குள் ஒருவரை ஓராண்டுக்கு மேயராக்குகிறார்கள். அவர் சங்கிலி போடுவார், முழுக் கவுன்சில் கூட்டத்துக்குத் தலைமை தாங்குவார், பள்ளிக்கூட விழாக்களுக்குப் போவார், தர்ம காரியத்துக்குப் பணம் சேர்ப்பார். மரியாதையான பதவிதான், மறுக்கவில்லை. ஆனால் நிர்வாகம் கவுன்சிலர்கள் தேர்ந்தெடுக்கும் லீடரிடமும் அவருடைய கேபினட்டிடமும் இருக்கிறது. லீடரையும் சேர்த்துக் கேபினட்டில் 10 பேருக்கு மேல் இருக்க முடியாது. 2000ஆம் ஆண்டுச் சட்டம் கொண்டுவந்த ஏற்பாடு இது. பெர்மிட்டுக்காக மேயர் வீட்டுக் கதவைத் தட்டி அவரையும் சங்கடப்படுத்தாதீர்கள்.

தாமிரபரணி:
ஐயா, நம்ம ஆள் ஒருத்தர் மேலே வந்தால் உடனே "அது வெறும் சங்கிலி" என்று சொல்ல ஒருவர் கிளம்பிவிடுவார். நீங்கள் எழுதாமல் விட்டதை நான் எழுதுகிறேன். மேயருக்குக் காஸ்டிங் வோட் இருக்கிறது. வாக்குகள் சமமாக விழுந்தால் அவர் கை எந்தப் பக்கமோ அதுதான் முடிவு. அதிகாரமே இல்லாதவருக்கு எதற்கு அந்த வோட்டு?

வடலி:
காஸ்டிங் வோட் இருப்பது எனக்குத் தெரியாதா? 1972ஆம் ஆண்டு உள்ளூராட்சிச் சட்டத்திலேயே இருக்கிறது. கூட்டத்துக்குத் தலைமை தாங்குபவர் எவரோ அவருக்கு அந்த வாக்கு. மேயர் என்பதற்காகத் தந்ததல்ல, தலைமை தாங்குவதற்காகத் தந்தது. அன்றைக்கு மேயருக்குக் காய்ச்சல் என்றால் துணை மேயர் உட்காருவார், வாக்கும் அவரிடம் போய்விடும்.

தாமிரபரணி:
அப்போ இருக்கிறது. அவ்வளவுதான் நான் கேட்டது.

செல்லாச்சி:
வடலி அண்ணை, நீங்கள் சொல்வதுதான் சரி. என் அனுபவத்தைச் சொல்கிறேன். பக்கத்து வீட்டார் பின்பக்கம் 6 மீட்டர் நீட்டிக் கட்டிவிட்டார்கள். என் குசினி ஜன்னலில் இப்போது மத்தியானத்திலும் லைட் போடவேண்டியிருக்கிறது. கவுன்சிலரிடம் ஓடினேன். நல்ல பிள்ளை, தமிழ்ப் பிள்ளைதான். "அம்மா, அது அதிகாரிகள் முடிவு, நான் கை வைக்க முடியாது" என்று சொல்லிவிட்டார். பிறகு எதற்கு வாக்குப் போடுகிறோம்?

வடலி:
செல்லாச்சி அக்கா, அந்த 6 மீட்டர் வேறு வழியில் வந்திருக்கும். இரட்டை வீட்டுக்கோ வரிசை வீட்டுக்கோ பின்னால் ஒரு மாடியாக 3 மீட்டர் வரை, மற்ற நிபந்தனைகள் பொருந்தினால், திட்ட அனுமதிக்கு விண்ணப்பிக்காமலே கட்டலாம். 6 மீட்டர் வரை போக, கவுன்சிலுக்கு முன்கூட்டித் தெரிவிக்க வேண்டும். கவுன்சில் அண்டை வீட்டாருக்குக் கடிதம் போடும். 21 நாளுக்குள் எவரும் மறுப்பு எழுதாவிட்டால் அதிகாரி உங்கள் வெளிச்சத்தைப் பற்றி ஆராயவே மாட்டார். மறுத்து எழுதினால்தான் ஆராய்வார். கடிதம் வந்ததா?

செல்லாச்சி:
வந்ததோ தெரியாது அண்ணை. பிட்ஸாக் கடை விளம்பரங்களோடு சேர்த்து மகன் எறிந்திருப்பான். ஆனால் ஒரு மேயர் நினைத்தால் நிறுத்த முடியாதா?

தாமிரபரணி:
பார்த்தீர்களா, அக்காவுக்கே அந்த நம்பிக்கை இருக்கிறது! பிளானிங் கமிட்டியில் நாலுக்கு நாலு வந்தால் காஸ்டிங் வோட்டுதானே முடிவு செய்யும்?

வடலி:
செய்யும். ஆனால் அது பிளானிங் கமிட்டித் தலைவரின் காஸ்டிங் வோட். மேயர் அந்த நாற்காலியில் உட்காருவதில்லை! அக்காவின் விஷயம் கமிட்டிக்கே போகவில்லை. பெரும்பாலான விண்ணப்பங்களை அதிகாரிகளே முடிக்கிறார்கள், சிலதுதான் கமிட்டிக்கு வரும். ஒரு வார்டு கவுன்சிலர் சில விண்ணப்பங்களைக் கமிட்டிக்கு வரவழைக்கலாம். அதற்கும் காரணம் எழுதிக் கொடுக்க வேண்டும், காலக்கெடு உண்டு. கமிட்டியில் இருக்கும் கவுன்சிலர் "இதைத் தடுத்தே தீருவேன்" என்று முன்கூட்டியே வாக்குக் கொடுத்துவிட்டால் அன்றைக்கு அவர் வாக்களிக்காமல் ஒதுங்க வேண்டியதுதான். திறந்த மனதோடு வந்து உட்காரவேண்டும் என்பது விதி. சிநேகிதத்துக்காக வாக்குறுதி கொடுக்கும் கவுன்சிலர் உங்கள் காரியத்தைத்தான் கெடுக்கிறார்.

நடுச்சாமம்:
நான் இரவு பஸ் ஓட்டுகிறவன். எங்கள் தெருமுனையில் சிவப்புக் கோடு போட்டிருக்கிறார்கள். கடைக்குச் சாமான் இறக்க வழியில்லை. மூன்று கவுன்சிலர்களிடமும் கேட்டாயிற்று. மூவரும் கையை விரித்தார்கள். மேயரிடம் போகலாமா?

வடலி:
சிவப்புக் கோடு என்றால் அது பெரும்பாலும் லண்டன் முழுவதற்குமான போக்குவரத்து அமைப்பான டிரான்ஸ்போர்ட் ஃபார் லண்டன். பரோவின் கையில் இல்லை. மஞ்சள் கோடு என்றால் பெரும்பாலும் பரோ. போலீஸ் மெட் (லண்டன் மாநகரப் போலீஸ்), ஆஸ்பத்திரி என்எச்எஸ் (தேசியச் சுகாதாரச் சேவை). குப்பை, நூலகம், பள்ளியில் இடம், முதியோர் பராமரிப்பு, கவுன்சில் வீடு, இவை பரோ. இதைத் தெரிந்துகொள்ளாமல் கவுன்சிலரைத் திட்டி என்ன பயன்?

நடுச்சாமம்:
திட்டவில்லை அண்ணை. கேட்டேன். நீங்கள்தான் எல்லாரையும் பள்ளிப்பிள்ளைகள் மாதிரி நடத்துகிறீர்கள்.

தாமிரபரணி:
அவர் அப்படித்தான். பொங்கல் விழா மேடையில் முன்வரிசை கிடைக்காத நாளிலிருந்து அப்படித்தான் இருக்கிறார். நம்ம மேயர் அன்றைக்கு அமைப்பாளராக இருந்தது இவருக்கு இன்னும் ஆறவில்லை. சரி, அதை விடுங்கள். கேள்விக்கு வருவோம். ஒரு பரோவில் கட்சிகள் பாதிக்குப் பாதி வந்தால் யார் ஆட்சி என்று தீர்மானிப்பது யார்? காஸ்டிங் வோட்!

வடலி:
விழா நாற்காலியை இங்கே இழுக்காதீர்கள். நான் அன்றைக்குப் பின்வரிசையில் உட்கார்ந்தது என் அம்மா சக்கர நாற்காலியில் இருந்ததால். உங்களுக்கும் அது தெரியும்.

பாதிக்குப் பாதியா? அப்படி நடந்திருக்கிறது, நானே சொல்கிறேன். மெர்ட்டனில் 2006 தேர்தலில் 60 இடங்களில் கன்சர்வேட்டிவுக்குக் கிடைத்தது சரியாக 30. மற்றவர்களுக்கு 30. அப்படிப்பட்ட சபையில் தலைமை நாற்காலியில் யார் இருக்கிறார் என்பது பெரிய விஷயம்தான். ஆனால் நம் பரோவில் ஒரு கட்சிக்குத் தெளிவான பெரும்பான்மை இருக்கிறது. கட்சிக் கொறடா சொன்னபடி கை தூக்குகிறார்கள். நம் மேயர் எத்தனை முறை காஸ்டிங் வோட் போடப்போகிறார்? ஒருமுறைகூட வராது.

தாமிரபரணி:
"பெரிய விஷயம்தான்" என்று உங்கள் கையாலேயே எழுதிவிட்டீர்கள். எல்லாரும் படம் பிடித்து வைத்துக்கொள்ளுங்கள். நீங்களே சொல்லும் மெர்ட்டனில் தேவைப்பட்டிருக்கிறது. நாளைக்கு நம் பரோவிலும் தேவைப்படும். காஸ்டிங் வோட் இருப்பவரிடம் அதிகாரம் இருக்கிறது. முடிந்தது.

கார்த்திகைப்பூ:
நான் டவர் ஹாம்லெட்ஸில் இருக்கிறேன். எங்களுக்கு மேயரை நாங்களே வாக்குப்போட்டுத் தேர்ந்தெடுக்கிறோம். 2010 முதல் அப்படித்தான். அவருக்கு முழு அதிகாரமும் உண்டு. மேயருக்கு அதிகாரமில்லை என்று வடலி எப்படிப் பொதுவாக எழுதலாம்?

வடலி:
லண்டனில் 32 பரோ. அதில் மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுக்கும் மேயர் இருப்பது ஹாக்னி, லூயிஷம், நியூஹம், டவர் ஹாம்லெட்ஸ், குரோய்டன், இந்த ஐந்தில்தான். அந்த மேயர் கிட்டத்தட்ட லீடரின் இடத்தில் இருக்கிறார். அவர் போடும் பட்ஜெட்டை மாற்றக் கவுன்சிலில் மூன்றில் இரண்டு பங்கு வேண்டும். உங்கள் பரோவில் கூட்டத்தை நடத்துபவர் ஸ்பீக்கர், மேயரல்ல. ஆக அங்கே அதிகாரமுள்ள மேயரிடம் இந்தக் காஸ்டிங் வோட் கிடையாது, ஸ்பீக்கரிடம்தான் இருக்கிறது. இதைத்தான் தொடக்கத்திலிருந்து சொல்கிறேன். காஸ்டிங் வோட்டுக்கும் அதிகாரத்துக்கும் சம்பந்தமில்லை!

கார்த்திகைப்பூ:
அப்போ எங்கள் மேயருக்கு அதிகாரம் இருக்கிறது என்று ஒத்துக்கொள்கிறீர்கள்.

வடலி:
உங்கள் மேயரைப் பற்றி இங்கே பேச்சே இல்லையே தங்கச்சி.

தாமிரபரணி:
தங்கச்சி கேட்டதும் அண்ணன் இறங்கி வருகிறார். அப்புறம் இன்னொன்று. நம்ம மேயர் வந்திருப்பதால் இந்த வருடம் கவுன்சில் டாக்ஸும் (பரோவுக்குக் கட்டும் வீட்டு வரி) குறையும் என்று சொல்கிறார்கள்.

வடலி:
யார் சொல்கிறார்கள்? எந்த மேயர் வந்தாலும் குறையாது. உங்கள் வீடு எந்த பேண்ட் (வரிப் படிநிலை) என்பது 1991 ஏப்ரல் 1ஆம் தேதி அதற்கு என்ன விலை இருந்திருக்கும் என்பதைப் பொறுத்தது. முதியோர், ஊனமுற்றோர் பராமரிப்பும் வீடற்றவர்களைத் தங்கவைப்பதும் பணத்தை விழுங்குகின்றன. பெரும்பாலான பரோக்களுக்கு 5 சதவீதத்துக்குக் கீழேதான் ஏற்ற அனுமதி. அதற்கு மேல் என்றால் மக்களிடம் வாக்கெடுப்பு. குரோய்டன் 2020இலும் 2022இலும் "எங்களால் கணக்கைச் சமப்படுத்த முடியாது" என்று 114ஆம் பிரிவு அறிவித்தல் கொடுத்து, 2023இல் அரசாங்கத்தின் சிறப்பு அனுமதியோடு கிட்டத்தட்ட 15 சதவீதம் ஏற்றியது. அங்கே இருக்கும் நம் சனத்திடம் கேளுங்கள், நேரடி மேயர் இருந்தும் குறைந்ததா என்று.

பட்ஜெட் கூட்டத்தில் யார் எப்படி வாக்களித்தார் என்று பெயர் பெயராகப் பதிவு செய்வது 2014 முதல் கட்டாயம். இணையத்தில் கிடக்கிறது, போய்ப் படியுங்கள். இரண்டு மாதமாகக் கவுன்சில் டாக்ஸ் பாக்கி வைத்திருக்கும் கவுன்சிலர் அந்த வாக்கெடுப்பில் கை தூக்கவே முடியாது. மீறினால் குற்றம்.

தாமிரபரணி:
இது யாரைக் குத்துகிறீர்கள்? நம்ம மேயர் பாக்கி வைத்திருக்கிறாரா? ஆதாரம் இருந்தால் போடுங்கள், இல்லாவிட்டால் எழுதாதீர்கள்.

வடலி:
நான் சட்டத்தைச் சொன்னேன். ஒருவரையும் சொல்லவில்லை.

நடுச்சாமம்:
குத்தல்தான் அண்ணை. படித்தவுடனே எனக்கும் அப்படித்தான் பட்டது.

செல்லாச்சி:
என் ஜன்னல்?

வடலி:
அக்கா, 6 மீட்டருக்கு மேல் ஒரு அங்குலம் போயிருந்தாலும், கூரை உயரம் 4 மீட்டரைத் தாண்டியிருந்தாலும் அமலாக்கப் பிரிவுக்கு எழுதுங்கள். டேப்பை உங்கள் வேலிப் பக்கம் பிடித்து அளந்து படம் எடுத்து அனுப்புங்கள். அளவு சரியாக இருந்தால் ஒன்றும் செய்ய முடியாது. கவுன்சிலருக்கும் நகல் போடுங்கள். அதிகாரி பதில் தராமல் இழுத்தால் துரத்திக் கேட்பதுதான் கவுன்சிலரின் வேலை. அதிகாரிக்குக் கட்டளை போட அவரால் முடியாது, ஆனால் கேள்வி கேட்டுப் பதில் வாங்க முடியும். அதை ஒழுங்காகச் செய்யும் கவுன்சிலர் மேயரைவிட உங்களுக்குப் பிரயோசனம்.

தாமிரபரணி:
மறுபடியும் "மேயரைவிட". இதுதான் உங்கள் மனசு. சாதாரணக் கவுன்சிலர் உசத்தி, நம்ம மேயர் மட்டும் ஒன்றுமில்லை. அவர் யாழ்ப்பாணத்துக்காரராக இருந்திருந்தால் இதே வடலி மாலையோடு நின்றிருப்பார்.

வடலி:
இதற்குத்தான் காத்திருந்தேன். ஊர்ப் பிரிவினை வந்துவிட்டது. அவருக்கு வீடு வீடாகத் துண்டுப் பிரசுரம் போட்டது யார் என்று அவரிடமே கேளுங்கள். இந்தியக் கடவுச்சீட்டு, இலங்கைக் கடவுச்சீட்டு வைத்திருப்பவர்களும் காமன்வெல்த் குடிமக்கள், விசா ஒழுங்காக இருந்தால் இங்கே கவுன்சில் தேர்தலில் வாக்களிக்கலாம் என்று ஒவ்வொரு வாசலிலும் நின்று சொல்லிப் பெயர் பதிய வைத்தேன். நம் சனத்தில் பாதிப் பேருக்கு அது தெரியவே தெரியாது. அவர் வென்றதில் எனக்கும் பெருமைதான். அந்தப் பெருமையைச் சொல்லிச் சனத்தை ஏமாற்றாதீர்கள் என்கிறேன். பெர்மிட் கிடைக்காதவர்கள் நாளைக்கு அவரையல்லவா ஏசப்போகிறார்கள்?

தாமிரபரணி:
துண்டுப் பிரசுரம் போட்டதைச் சொல்லிக்காட்டுவது அழகில்லை ஐயா. நானும் மழையில் நனைந்து போட்டேன், சொல்லவில்லை.

கார்த்திகைப்பூ:
இப்போது சொல்லிவிட்டீர்களே.

தாமிரபரணி:
ஒரே கேள்வி. ஆம், இல்லை, அவ்வளவுதான். சட்டப்படி மேயருக்குக் காஸ்டிங் வோட் இருக்கிறதா?

வடலி:
கூட்டத்துக்குத் தலைமை தாங்கினால், வாக்குகள் சமமானால், இருக்கிறது. பெர்மிட் கொடுக்க, வீடு ஒதுக்க, டாக்ஸ் குறைக்க, பிளானிங் அனுமதி தர, கிடையாது. இன்னும் எத்தனை முறை எழுத?

தாமிரபரணி:
"இருக்கிறது" என்று எழுதியிருக்கிறார். நன்றி. குழுவில் போட்டுவிடுகிறேன்.

வடலி:
முழு வாக்கியத்தையும் போடுங்கள்! பாதியை வெட்டிப் போட்டால் நான் அந்தக் குழுவுக்கே வந்து எழுதுவேன்.

நடுச்சாமம்:
அந்தக் குழுவில் அண்ணையைப் போன மாதமே எடுத்துவிட்டார்கள்.

வடலி:
எடுக்கவில்லை. நானாக விலகினேன். காரணம் தாமிரபரணிக்குத் தெரியும், அவரே இங்கே எழுதட்டும்.