இடுக்குப் பள்ளத்தாக்கில் ஆற்று நடை: அறுபத்தொரு வயதில் செல்லலாமா?

கேள்வி: திருநகர் ஆசிரியை

அனைவருக்கும் வணக்கம். மதுரையில் தமிழாசிரியையாகப் பணியாற்றி ஓய்வு பெற்றவள் நான். வருகிற செப்டம்பரில் அமெரிக்காவில் இருக்கும் மகளிடம் செல்கிறேன். அவள் யூட்டா மாநிலத்தின் தென்மேற்கு மூலையில் உள்ள சயான் தேசியப் பூங்காவில், 'நேரோஸ்' என்ற இடுக்குப் பள்ளத்தாக்கின் வழியாக ஆற்றுக்குள்ளேயே நடந்து செல்லும் ஒரு நாள் பயணத்துக்கு, வழிகாட்டியுடன் சேர்த்து முன்பதிவு செய்துவிட்டாள். பதிவு செய்த பிறகுதான் என்னிடம் சொன்னாள். அதுவும் படங்களை அனுப்பி, "அம்மா, பார்த்துவிட்டு மாட்டேன் என்று சொல்லக் கூடாது" என்ற முன்குறிப்போடு.

படங்களைப் பார்த்ததும் ஆசையும் அச்சமும் ஒன்றாக வந்தன. இருபுறமும் சுவர்போல் ஆயிரம் அடி வரை எழும் செம்பாறை. நடுவில் ஓடும் ஆறு சில இடங்களில் இருபது, முப்பது அடி அகலம்தான். கரை என்று ஒன்று பல இடங்களில் இல்லவே இல்லை. பௌர்ணமிதோறும் திருப்பரங்குன்றத்தில் கிரிவலம் செல்கிறேன். நான்கு ஆண்டுகளுக்கு முன்பு கம்பு ஊன்றிச் சதுரகிரி ஏறி இறங்கினேன். அதன் பிறகு இரண்டு நாள் முழங்காலை மடக்க முடியவில்லை. மூட்டில் தேய்மானம் தொடங்கியிருப்பதாக மருத்துவர் சொல்லியிருக்கிறார், ஆனால் நடையை நிறுத்தச் சொல்லவில்லை.

அங்கே சென்று வந்தவர்கள் இருந்தால் சொல்லுங்கள். என் வயதில், இந்த முழங்காலோடு, இது முடியுமா? அப்படிப்பட்ட இடுக்கில் திடீர் வெள்ளம் வந்தால் ஒதுங்க இடமுண்டா? சேலையைத் தவிர வேறு உடுத்திப் பழகாத நான் என்ன உடுத்துவது? வழிகாட்டி இல்லாமலே பலர் செல்கிறார்கள் என்று மகளின் தோழி சொன்னாளாம். அப்படியானால் அந்தப் பணம் வீண்தானா?

பதில்: வில்லாபுரம் நடையர்

வணக்கம் அம்மா. இரண்டு ஆண்டுகளுக்கு முன்பு ஜூன் மாதக் கடைசியில் மனைவியோடும் மைத்துனரோடும் அங்கே சென்று வந்தேன். நாங்களும் வழிகாட்டியுடன்தான் சென்றோம்.

முதலில் முழங்காலைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். சதுரகிரியோடு இதை ஒப்பிடாதீர்கள். அங்கே ஏற்றமும் இறக்கமும் மூட்டைத் தின்றுவிடும், இங்கே ஏற்றம் என்று சொல்லத்தக்க எதுவும் இல்லை. பூங்காவின் இலவசப் பேருந்து, கடைசி நிறுத்தமான டெம்பிள் ஆஃப் சினவாவாவில் இறக்கிவிடும். அங்கிருந்து ஆற்றோரமாக ஒரு மைல் வரை செப்பனிட்ட நடைபாதை உண்டு. அது முடியும் இடத்தில் படியிறங்கி ஆற்றில் கால் வைத்தால், அதற்குப் பிறகு ஆறுதான் பாதை. வர்ஜின் ஆற்றின் வடகிளையை எதிர்த்து மேல்நோக்கி நடக்கிறோம். தண்ணீர் பெரும்பாலும் கணுக்காலிலிருந்து முழங்கால் வரை இருக்கும், சில இடங்களில் தொடை வரை, எப்போதாவது இடுப்பு வரை ஏறும். ஆனால் தரை என்பது தரையே அல்ல. பாசி படிந்த உருண்டைக் கற்கள், கால் வைத்ததும் புரளக்கூடியவை, அடியில் கிடக்கின்றன. கும்பக்கரையில் வழுக்குப் பாறைக்கு அருகில் நின்ற அனுபவம் இருந்தால் அதை நினைத்துக்கொள்ளுங்கள். அந்த வழுக்கலைப் பல மணி நேரத்துக்கு நீட்டிப் பாருங்கள். மூட்டுக்கு அங்கே வரும் தொல்லை ஏற்றத்தால் அல்ல, முறுக்கலால்.

வழிகாட்டி எங்களுக்கு முதல் பத்து நிமிடத்தில் கற்றுக்கொடுத்ததுதான் அந்தப் பணத்தின் பெரும்பகுதி என்று இப்போதும் நினைக்கிறேன். அவர் கொடுத்த கம்பு தோள் உயரம் இருக்கும். ஆற்றைக் குறுக்கே கடக்கும்போது முகத்தை நீர் வரும் திசைக்குச் சற்றே திருப்பி, கம்பை நீரோட்டத்தின் பக்கம் ஊன்றி, கம்பு, ஒரு கால், மறு கால் என்று ஒவ்வொன்றாகத்தான் நகர்த்த வேண்டும். மூன்றில் இரண்டு எப்போதும் தரையில் இருக்க வேண்டும். எந்த இடத்தில் கடப்பது என்பதையும் அவர்தான் காட்டினார். நீர் குறுகிச் சுழித்து ஓடும் இடத்தை விட்டு, அகன்று சலசலக்கும் இடத்தைத் தேர்ந்தெடுத்தார். என் மைத்துனர் குறுக்குவழி என்று நினைத்து ஒரு பச்சை நிறத் தண்ணீரில் இறங்கி, நம் ஊரில் கசம் என்போமே, அப்படி ஒன்றில் மார்பு வரை போய்விட்டார். சட்டைப்பையில் இருந்த கைபேசி அன்றோடு முடிந்தது.

இன்னொன்றை யாரும் முன்கூட்டியே சொல்லவில்லை. திரும்பி வருவது எளிது என்று நினைத்தோம், நீரோட்டத்தோடு வருகிறோம் அல்லவா? ஆனால் தண்ணீர் முழங்காலின் பின்புறத்தைத் தள்ளும்போது, களைத்த கால்கள் ஒவ்வோர் அடியிலும் தம்மை நிறுத்திக்கொள்ள வேண்டியிருக்கிறது. நான் இரண்டு முறை விழுந்ததும் திரும்பும் வழியில்தான். ஆகவே உடலில் பாதித் தெம்பு இருக்கும்போதே திரும்புங்கள். ஆர்டர்வில் என்ற கிளைப் பள்ளத்தாக்கு வந்து சேரும் இடம் வரை சுமார் இரண்டு மணி நேரம் ஆகும். சுவர்கள் மிகவும் நெருங்கி நிற்கும் பகுதி அதற்கு அடுத்துத்தான். அனுமதிச் சீட்டு இல்லாமல் பிக் ஸ்பிரிங் என்ற ஊற்று வரை, அதாவது ஏறத்தாழ ஐந்து மைல் வரை, செல்லலாம் என்றாலும், அதைத் தொட்டே தீர வேண்டும் என்று யாருக்கும் நேர்த்திக்கடன் இல்லை.

உடை விஷயத்தில் பருத்தி வேண்டாம். நனைந்தால் காயாது, குளிர் உடலுக்குள் இறங்கிவிடும். வெயில் காலத்தில்கூடச் சூரியன் அந்த இடுக்குக்குள் சிறிது நேரமே எட்டிப் பார்க்கிறது. விரைவில் உலரும் செயற்கை இழைக் கால்சட்டையும் முழுக்கைச் சட்டையும் போதும். பூங்கா வாசலில் உள்ள ஸ்பிரிங்டேல் ஊரில் ஆற்று நடைக் காலணி, நியோப்ரீன் என்ற செயற்கை ரப்பரில் செய்த காலுறை, கம்பு மூன்றையும் சேர்த்து வாடகைக்குத் தருகிறார்கள். ஒரே எச்சரிக்கை: நம் ஊர்க் காலணி எண் பிரிட்டன் முறை. அமெரிக்காவில் ஆண்களுக்கு அதைவிட ஒன்றும், பெண்களுக்கு ஏறத்தாழ இரண்டும் கூடுதலாகச் சொல்ல வேண்டும். நான் வழக்கம்போல எட்டு என்று சொல்லிவிட்டு, நாள் முழுவதும் பெருவிரல் நசுங்க நடந்தேன்.

பதில்: ஓய்வு பெற்ற பொறியாளர், கே.கே. நகர்

அம்மாவின் இரண்டாவது கேள்விக்கு மட்டும் பதில் சொல்கிறேன். வைகைப் படுகையில் பணியாற்றியவன் என்பதால் வெள்ளத்தைப் பற்றிப் பேசக் கொஞ்சம் உரிமை எடுத்துக்கொள்கிறேன்.

நாம் நாளிதழில் அன்றாடம் படிக்கும் 'வினாடிக்கு இத்தனை கன அடி' என்ற கணக்குத்தான் அங்கேயும். வைகை அணையில் நீர்மட்டம் 66 அடியை எட்டினால் முதல் எச்சரிக்கை, 68.5 அடியில் இரண்டாவது, 69 அடியில் மூன்றாவது என்று விடுக்கிறோம் அல்லவா? நேரோஸுக்கு அணை இல்லை, ஆகவே நீர்வரத்தை வைத்தே முடிவு செய்கிறார்கள். வினாடிக்கு 150 கன அடியைத் தாண்டினால், கீழிருந்து மேல்நோக்கி நடப்பவர்களுக்கு ஆறு மூடப்படும். பனி உருகும் வசந்த காலத்தில் பல வாரங்கள் தொடர்ந்து மூடியிருப்பதும் உண்டு.

வைகைக்காரருக்கு 150 கன அடி என்பது சிரிப்பை வரவழைக்கும் எண். அவ்வளவு தண்ணீரை வறண்ட வைகையில் விட்டால் மதுரைக்கு வந்து சேருவதற்குள் மணல் குடித்துவிடும். சித்திரையில் அழகர் இறங்குவதற்காகத் திறந்துவிடும் தண்ணீரையே நாம் எத்தனை கவலையோடு எதிர்பார்த்து நிற்கிறோம்! ஆனால் எண்ணைத் தனியாகப் பார்க்கக் கூடாது, அது ஓடும் அகலத்தோடு சேர்த்துப் பார்க்க வேண்டும். இருபத்தைந்து அடி அகலமும் இரண்டு அடி ஆழமும் உள்ள இடுக்கில் 150 கன அடி ஓடினால், அதன் வேகம் வினாடிக்கு மூன்று அடி. எடை நான்கு டன்னுக்கு மேல், ஒவ்வொரு வினாடியும். வேகம் இரட்டித்தால் காலின் மீது விழும் விசை நான்கு மடங்காகும். நீர்வரத்து 50 கன அடியாக இருக்கும் நாளில் நடப்பவருக்கும் 140-இல் நடப்பவருக்கும் ஒரே ஆறு வாய்ப்பதில்லை. உங்கள் மகளிடம் சொல்லி, அமெரிக்க நிலவியல் ஆய்வு நிறுவனம் அந்த ஆற்றில் வைத்திருக்கும் அளவுமானியின் எண்ணை நாள்தோறும் பார்த்துவரச் சொல்லுங்கள்; இணையத்தில் எவரும் பார்க்கலாம்.

இனித் திடீர் வெள்ளம். அந்த நிலம் வெறும் பாறை. மண்ணும் மரமும் குறைவு என்பதால் பெய்த மழை ஊறாமல் அப்படியே வழிந்து, பல கிளை இடுக்குகளிலிருந்து ஓர் இடுக்கில் கூடுகிறது. நீங்கள் நிற்கும் இடத்தில் வானம் நீலமாக இருக்கும். மழை பல மைல் தொலைவில் பெய்திருக்கும். 1997 ஆகஸ்ட் 12 அன்று அரிசோனாவின் ஆன்டிலோப் பள்ளத்தாக்கில் பதினொரு பயணிகள் இப்படித்தான் இறந்தார்கள். 2015 செப்டம்பரில் சயான் பூங்காவிலேயே கீஹோல் என்ற இடுக்கில் ஏழு பேர் இறந்தார்கள். அதே 2015-இல், மே மாதம், நம் சதுரகிரி ஓடைகளில் வெள்ளம் வந்து பக்தர்கள் உயிரிழந்ததை நாம் மறந்திருக்க மாட்டோம். மலை நீரின் குணம் எங்கேயும் ஒன்றுதான்.

அங்கே ஜூலை நடுவிலிருந்து செப்டம்பர் வரை இடிமழைக் காலம். ஆகவே நீங்கள் செல்லும் மாதம் முழுக்கப் பாதுகாப்பானது அல்ல, மாதத்தின் பிற்பகுதி முற்பகுதியைவிடச் சற்று நல்லது. திடீர் வெள்ள வாய்ப்பு எவ்வளவு என்பதை வானிலைத் துறை அன்றன்று நான்கு படிகளாக அறிவிக்கிறது. 'எதிர்பார்க்கப்படவில்லை' என்ற முதல் படியைத் தவிர வேறு எது இருந்தாலும், என்னைக் கேட்டால், அன்று ஆற்றில் இறங்க வேண்டாம். நடக்கும்போது தெளிந்த நீர் திடீரெனக் கலங்கினாலோ, சுள்ளிகளும் சருகுகளும் மிதந்து வந்தாலோ, மேலிருந்து இரைச்சல் கூடினாலோ, வெள்ளத்தை முந்தி ஓட முயலாமல் அருகில் உள்ள மேட்டில் ஏற வேண்டும். சில அடி உயரம்கூட உயிரைக் காக்கும். ஒதுங்க இடமுண்டா என்று கேட்டீர்கள்: பல இடங்களில் உண்டு, சில இடங்களில் இல்லை. சுவர்கள் மிகவும் நெருங்கும் பகுதியில் இல்லை.

பதில்: போடிக்காரர்

வில்லாபுரம் நண்பர் வழிகாட்டியைப் புகழ்வதில் எனக்குச் சிறிது மாறுபாடு உண்டு. கீழிருந்து சென்று திரும்புவதற்கு வழிகாட்டியும் தேவையில்லை, அனுமதிச் சீட்டும் தேவையில்லை; வழி தவற அங்கே இரண்டாவது பாதையே இல்லை. சேம்பர்லின் பண்ணையிலிருந்து பதினாறு மைல் கீழ்நோக்கி வரும் நடைக்குத்தான் அனுமதிச் சீட்டு கட்டாயம். மேலும், 2018 மார்ச்சில் எங்கள் குரங்கணி மலையில் காட்டுத்தீயில் சிக்கியவர்கள் தனியாகச் சுற்றியவர்கள் அல்லர், குழுவாக அழைத்துச் செல்லப்பட்டவர்கள். உடன் ஒருவர் வருகிறார் என்ற நினைப்பில் நம் கண்ணை மூடிக்கொள்ளக் கூடாது என்பதற்காகவே இதைச் சொல்கிறேன். இருந்தாலும் ஆற்றில் நடந்து பழகாதவர், அறுபதைத் தாண்டியவர் என்றால் நானும் வழிகாட்டியை வைத்துக்கொள்ளவே சொல்வேன். ஆறு மூடப்பட்டால் பணம் திரும்பக் கிடைக்குமா, அல்லது வேறு இடத்துக்கு அழைத்துச் செல்வார்களா என்பதை இப்போதே எழுத்தில் கேட்டு வாங்கிவிடுங்கள்.

ஒருவேளை முழங்கால் ஒத்துழைக்காவிட்டால், மேல் ஆன்டிலோப் பள்ளத்தாக்கைப் பாருங்கள். தரை சமமானது, தண்ணீர் இல்லை, நடையும் குறைவு. நவாஹோ பழங்குடியினரின் நிலம் என்பதால் அவர்களுடைய வழிகாட்டியோடு மட்டுமே நாம் உள்ளே செல்ல முடியும். கீழ் ஆன்டிலோப்பில் ஏணிகள் உண்டு, அது உங்களுக்கு வேண்டாம்.

கேள்வி கேட்டவர்: திருநகர் ஆசிரியை

மூவருக்கும் நன்றி. பொறியாளர் ஐயா எழுதியதை மகளுக்கு அப்படியே அனுப்பினேன். அளவுமானியை அவளும் பார்க்கத் தொடங்கிவிட்டாள். இப்போது தினமும் காலையில் வைகையின் எண்ணை நானும் வர்ஜின் ஆற்றின் எண்ணை அவளும் பரிமாறிக்கொள்கிறோம். பதிவை மாதத்தின் கடைசி வாரத்துக்கு மாற்றச் சொல்லிவிட்டேன். எங்கே இருந்தாலும் நண்பகலில் திரும்பிவிடுவது என்றும் முடிவு செய்துவிட்டோம்.

இரண்டு சிறு ஐயங்கள். ஆற்றைக் கண்டால் ஒரு கை அள்ளித் தலையில் தெளித்துக்கொள்வது என் பழக்கம். அந்தத் தண்ணீர் நல்ல தண்ணீர்தானா? நான் வழக்கமாக அணியும் முழங்கால் பட்டையை அங்கேயும் அணியலாமா?

பதில்: வில்லாபுரம் நடையர்

அம்மா, தெளித்துக்கொள்வதையும் தவிர்த்துவிடுங்கள். 2020 முதல் அந்த ஆற்றில் நச்சு சயனோபாக்டீரியா, அதாவது ஒருவகை நீலப்பச்சைப் பாசி, அவ்வப்போது காணப்படுகிறது. தண்ணீரைக் குடிக்கவோ தலை முழுகவோ கூடாது என்று பூங்காவே எச்சரிக்கிறது. வடிகட்டினாலும் அந்த நஞ்சு போய்விடும் என்று நம்ப முடியாது. குடிநீரைப் பேருந்து நிறுத்தத்திலேயே நிரப்பிக்கொள்ளுங்கள். கழிப்பறையும் அங்கே மட்டும்தான், அதற்கு மேல் இல்லை. கரண்டியும் கிண்ணமும் தேடும் சாப்பாடு வேண்டாம். என் மனைவி கொண்டுவந்த எள்ளுருண்டையை வழிகாட்டிதான் அதிகம் சாப்பிட்டார்.

முழங்கால் பட்டை துணியில் ஆனது என்றால் நனைந்ததும் கனத்துக் கீழே நழுவிவிடும். நியோப்ரீனில் செய்த மூட்டு உறை மருந்துக் கடைகளிலேயே கிடைக்கிறது. அதை வாங்கி, நன்றாக நனைத்து அணிந்துகொண்டு, வீட்டு மாடிப்படியில் அரை மணி நேரம் ஏறி இறங்கிப் பாருங்கள். உராய்ந்து தோல் சிவந்தால் ஒரு அளவு பெரியதாக மாற்றிக்கொள்ளலாம்.